பொய் ஆவணப்படம், பூட்டிய வார்டு: மனநல மருத்துவமனையைக் களமாக்கி மாக்குமெண்டரி எடுக்க முழுமையான வழிகாட்டி

மலேசியத் தமிழ் வீடுகளில் யாராவது கொஞ்சம் ஏறுமாறாகப் பேசினால், "உன்னைத் தஞ்சோங் ரம்புத்தானுக்குத்தான் அனுப்பணும்" என்பார்கள். சென்னைக்காரர்கள் அதே இடத்தில் கீழ்ப்பாக்கத்தைச் சொல்வார்கள். கீழ்ப்பாக்கம் மருத்துவமனையின் வரலாறு 1794-இல் தொடங்குகிறது. தஞ்சோங் ரம்புத்தானில் இருக்கும் உலு கிந்தா பஹாகியா மருத்துவமனை 1911-இல் திறக்கப்பட்டது. இத்தனை பழைய இரண்டு மருத்துவமனைகள் நம் வாயில் வசையாகவே தங்கிவிட்டன. இந்தக் களத்தில் கறுப்பு நகைச்சுவை எடுக்கக் கிளம்புபவருக்கு இதுதான் முதல் சிக்கல். பார்வையாளர் சிரிப்பை வீட்டிலிருந்தே கட்டிக்கொண்டு வந்துவிடுவார். கலைந்த தலை, கிழிந்த சட்டை, கழுத்தில் வாடிய மாலை, தனக்குத்தானே பேச்சு என்று நாலு விஷயத்தைக் காட்டினால் அரங்கம் சிரித்துவிடும். அந்தச் சிரிப்புக்கு நீங்கள் படம் எடுக்க வேண்டியதே இல்லை.

கோலாலம்பூரிலோ பினாங்கிலோ சிறு குழுவாகச் சேர்ந்து, கையிலிருக்கும் காசில் இருபது இருபத்தைந்து நிமிடத் தமிழ் மாக்குமெண்டரி எடுக்க நினைப்பவர்களுக்காக இதை எழுதுகிறேன். மாக்குமெண்டரி என்றால் ஆவணப்படம்போல் வேடமிட்ட கற்பனைப் படம். கை நடுங்கும் கேமரா, நாற்காலியில் உட்கார்ந்து நேர்காணல் தரும் பாத்திரங்கள், கேமரா இருப்பது தெரிந்தும் மறந்தும் நடந்துகொள்ளும் மனிதர்கள் எல்லாம் அதில் இருக்கும்.

இந்த வடிவம் மனநல வார்டுக்கு இவ்வளவு பொருந்துவதற்குக் காரணம் உண்டு. வார்டில் ஒருவர் பார்க்கிறார், எழுதிக்கொள்கிறார். பார்க்கப்படுபவர் அதற்கேற்ப நடந்துகொள்கிறார். ஆவணப்படக் குழு செய்வதும் அதேதான். 1973-இல் ஸ்டான்ஃபர்ட் உளவியலாளர் டேவிட் ரோசன்ஹான் வெளியிட்ட ஆய்வு இதற்குப் புகழ்பெற்ற எடுத்துக்காட்டு. நல்ல மனநிலையில் இருந்த 8 பேர், காதில் ஏதோ குரல் கேட்கிறது என்று மட்டும் சொல்லி 12 அமெரிக்க மருத்துவமனைகளில் சேர்ந்தார்கள். சேர்ந்த பிறகு இயல்பாகவே இருந்தார்கள். வெளியே வர 7 முதல் 52 நாள் ஆனது. அவர்கள் குறிப்பெடுத்ததுகூடக் கோப்பில் ஒரு நடத்தையாகப் பதிவானது. இவர்கள் உண்மை நோயாளிகள் அல்லர் என்று சந்தேகப்பட்டவர்கள் பக்கத்துக் கட்டில் நோயாளிகள்தாம். இந்த ஆய்வின் நம்பகத்தன்மையைக் கடுமையாகக் கேள்வி கேட்கும் புலனாய்வு நூல் ஒன்று 2019-இல் வந்தது. ஆகவே இதை அறிவியல் சான்றாகத் தூக்கிப்பிடிக்க வேண்டாம். கதைக்கு விதை என்று எடுத்துக்கொள்ளலாம்: ஒருவரைப் பற்றிக் கோப்பில் ஒரு சொல் ஏறிவிட்டால், அதன்பின் அவர் என்ன செய்தாலும் அந்தச் சொல்லுக்கே சாட்சி. உங்கள் படத்தின் நகைச்சுவை முழுவதும் இந்த ஒரு கம்பியில் ஓட வேண்டும். கீழே வரும் ஒவ்வொரு படியும் அதற்காகத்தான்.

படி 1: கேமரா எதற்காக உள்ளே வந்தது?

கதாபாத்திரங்களுக்கு முன்னால் இதை முடிவு செய்யுங்கள். "ஒரு குழு படம் எடுக்கிறது" என்று மட்டும் விட்டால் படம் பத்தாவது நிமிடத்தில் தளர்ந்துவிடும். கேமராவை யார் அழைத்தார், யார் காசு கொடுக்கிறார், என்ன வர வேண்டும் என்று எதிர்பார்க்கிறார்?

நான் சிபாரிசு செய்யும் அமைப்பு இது. மருத்துவமனைக்கு ஐ.எஸ்.ஓ. தரச் சான்றிதழுக்கான தணிக்கை வருகிறது. இயக்குநருக்கு ஒரு பெருமைப் படம் வேண்டும். வந்த விலைப்புள்ளிகளில் ஆகக் குறைந்தது செந்தூலில் கல்யாண வீடியோ எடுக்கும் மூவர் குழு கொடுத்தது. அவர்களுக்குத் தெரிந்ததெல்லாம் தாலி கட்டும் நேரத்தில் மெதுவோட்டம், மாமியார் கண்ணைத் துடைக்கும்போது குளோசப், மண்டபத்துக்கு மேலே டிரோன். அந்தக் கண்ணோடு வார்டுக்குள் வருகிறார்கள். நோயாளியை மெதுவோட்டத்தில் நடக்கவைக்கிறார்கள். சிஸ்டரிடம், "அக்கா, ஒரு தடவை கதவைத் திறந்துட்டு, கேமராவைப் பாத்துச் சிரிச்சிட்டு, மறுபடியும் பூட்டுங்க" என்கிறார்கள். கேலிக்கு உள்ளாவது கேமரா வழியே பார்ப்பவர்தான். இந்த இடத்தை விட்டு எங்கும் நகராதீர்கள்.

மருத்துவமனை கற்பனையாக இருக்கட்டும். நம் நாட்டு அரசு மனநல மருத்துவமனைகள் பஹாகியா, பெர்மாய், செந்தோசா, மெஸ்ரா என்று மகிழ்ச்சி, அமைதி தொனிக்கும் பெயர்களையே சூடியிருக்கின்றன. அதே வரிசையில் வேறொரு இனிய மலாய்ச் சொல்லை எடுங்கள். அப்படியொரு மருத்துவமனையோ தனியார் கிளினிக்கோ உண்மையில் இல்லை என்று உறுதிசெய்த பிறகே பெயர்ப்பலகை அடியுங்கள்.

படி 2: ஆய்வு, கேமரா இல்லாமல்

உண்மையான வார்டில் ஒரு நொடிகூட எடுக்காதீர்கள். சுவருக்கு வெளியே நின்று எடுத்தாலும் நோயாளி தெரிகிறார் என்றால் வேண்டாம்.

காரணத்துக்கு ஒரு பழைய வழக்கு இருக்கிறது. 1966-இல் அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்தில், பிரிட்ஜ்வாட்டர் என்ற இடத்தில் குற்ற வழக்குள்ள மனநோயாளிகளை வைத்திருந்த மருத்துவமனைக்குள் பிரெட்ரிக் வைஸ்மன் ஓர் ஆவணப்படம் எடுத்தார். 'டிட்டிகட் ஃபாலீஸ்' என்ற அந்தப் படம் 1967-இல் வந்தது. உள்ளிருந்தவர்களின் அந்தரங்கத்தைக் காட்டித் தடை வாங்கப்பட்டது. மருத்துவர், வழக்கறிஞர், மாணவர் போன்றவர்கள் மட்டும் பார்க்கலாம் என்ற நிலை பல ஆண்டு நீடித்து, 1991-இல்தான் தடை நீங்கியது. அந்தரங்கத்தைக் காத்தார்களா, மருத்துவமனையின் மானத்தைக் காத்தார்களா என்ற சண்டை இன்னும் தீரவில்லை. அந்தப் படத்தின் இறுதியில், 1966-க்குப் பிறகு மாற்றங்களும் முன்னேற்றங்களும் நடந்துள்ளன என்று சேர்க்கும்படி நீதிமன்றம் உத்தரவிட்டது. படத்தில் முதலில் 'இப்படிச் சேர்க்கும்படி நீதிமன்றம் உத்தரவிட்டது' என்று ஓர் அட்டை வருகிறது. அடுத்து அந்த வாக்கியம் மட்டும் தனியாக வருகிறது. ஒரு சிரிப்புச் சத்தம்கூட இல்லாமல் இவ்வளவு கூர்மையான நையாண்டி. உங்கள் படத்தின் எழுத்து அட்டைகளை எழுதும் முன் இதை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். அட்டை எப்போதும் அரசுக் கடிதம்போலவே பேச வேண்டும்.

பிறகு யாரிடம் கேட்பது? ஓய்வுபெற்ற மிஸிகள் என்ற தாதிகள், எம்.ஏ. என்ற மருத்துவ உதவியாளர்கள், பழைய அட்டெண்டன்ட்கள். இவர்களைத் தேடுவது கடினமில்லை. எந்தத் தமிழ்க் குடும்பத்திலும் ஒரு மிஸி ஆண்ட்டி இருப்பார். சிகிச்சை எடுத்துத் தேறியவர் ஒருவரையாவது ஆலோசகராகக் கேளுங்கள். அவருக்குச் சம்பளம் கொடுங்கள். "ஒரு கதை சொல்லுங்க" என்று கேட்டால் எல்லாரும் சோகக் கதைதான் சொல்வார்கள். "எந்த ஃபாரம் ஆக எரிச்சலா இருக்கும்? ராத்திரி ஷிப்ட்ல என்ன சாப்பிடுவீங்க? எந்தச் சாவி தொலையும்?" என்று கேளுங்கள். படம் அங்கேதான் இருக்கிறது.

சட்டத்தையும் ஒரு முறை படித்துவிடுங்கள். மனநலச் சட்டம் 2001-இல் நிறைவேறியது. அதற்கான விதிமுறைகள் 2010-இல் வந்தன. தானே வந்து சேர்பவர், உறவினர் விண்ணப்பத்தின்பேரில் சேர்க்கப்படுபவர், போலீஸ் கூட்டிவருபவர் என்று வாசல்கள் வேறு வேறு. உங்கள் நோயாளி எந்த வாசலால் வந்தார் என்று தெரியாமல் எழுதினால், வார்டில் வேலை செய்த எவரும் முதல் காட்சியிலேயே படத்தைக் கைவிட்டுவிடுவார்.

மருந்து விஷயத்திலும் அதே கவனம் வேண்டும். குளோசபைன் எடுப்பவருக்கு முதல் 18 வாரம் வாராவாரம் இரத்தப் பரிசோதனை உண்டு. வாயில் எச்சில் ஊறும். ஓலன்சபைன் பசியைக் கிளப்பி எடையை ஏற்றும். லித்தியத்தில் கை நடுங்கலாம். மின்னதிர்வுச் சிகிச்சை இன்று மயக்க மருந்தும் தசைத் தளர்வு மருந்தும் கொடுத்துச் செய்யப்படுகிறது. சினிமாவில் வரும் துள்ளலும் அலறலும் இல்லை. மயக்க மருந்து என்பதால் வெறும் வயிற்றோடு இருக்க வேண்டும். ஆகவே நகைச்சுவை கரண்டில் இல்லை. காலை ரொட்டியும் மைலோவும் தனக்கு மட்டும் வரவில்லை என்று புகார் மனு எழுதும் மனிதரிடம் இருக்கிறது.

படி 3: மனிதர்கள்

ஏழு எட்டுப் பேருக்கு மேல் வேண்டாம். ஒவ்வொருவருக்கும் ஒரு சின்ன ஆசை போதும். இயக்குநருக்கு ஐ.எஸ்.ஓ. சான்றிதழ். சிஸ்டருக்குப் பென்ஷனுக்கு முன் ஒரு தீபாவளியாவது வீட்டில் கொண்டாட வேண்டும். ஹவுஸ்மென் என்ற பயிற்சி மருத்துவருக்குத் தூக்கம். வாசலில் காவல் நிற்கும் ஜகாவுக்கு யாராவது தன்னையும் நேர்காணல் எடுக்க வேண்டும். அட்டெண்டன்ட் அண்ணனுக்கு 5எஸ் என்ற பணியிட ஒழுங்கு முறைக்கான ஸ்டிக்கர் ஒட்டாத இடமே வார்டில் இருக்கக் கூடாது. துடைப்பத்துக்கு, துடைப்பம் நிற்கும் இடத்துக்கு, துடைப்பம் இல்லாத இடத்துக்கு என்று ஒட்டிக்கொண்டே போவார்.

நோயாளிகள் மூவர் போதும். நோயின் பெயர் யாருடைய குணமும் ஆகிவிடக் கூடாது. மனச்சிதைவு நோய் என்றால் ஒரே ஆளுக்குள் இரண்டு ஆள் என்ற தமிழ் சினிமாக் கற்பனையை வாசலிலேயே விட்டுவிடுங்கள். நோயாளிக்கும் ஆசை வேண்டும், அது வெளியே போவதாக மட்டும் இருக்க வேண்டியதில்லை. ஒருவருக்கு டாம் என்ற காய் நகர்த்தும் ஆட்டத்தில் ஜெயிக்க வேண்டும். இன்னொருவருக்குத் தொலைக்காட்சி ரிமோட் வேண்டும். அது சிஸ்டர் அறையில் பூட்டியிருக்கிறது, அதற்கும் ஒரு ஃபாரம் உண்டு.

அழைத்துக்கொள்ளும் விதத்தில் கவனம் இருக்கட்டும். வயதான நோயாளியை ஹவுஸ்மென் "அங்கிள்" என்பார், மிஸி "ஐயா" என்பார், ஜகா "அண்ணே" என்பார். எல்லாரையும் மதிப்போடு கூப்பிட்டுக்கொண்டே எதையும் காதில் வாங்காமல் போவதுதான் நம்மூர் வார்டின் சுருதி. வாடா போடா என்று திட்டும் கொடூர வார்டனை எழுதாதீர்கள். அவர் வேறு படத்து ஆள்.

குடும்பம் வரும்போது சாமியாரும் வருவார். மருத்துவமனைக்கு முன் கோயில், மந்திரம், மலாய் வைத்தியரான பொமோ என்று சுற்றிவருவது நம்மிடையே சாதாரணம். "போன மாசம் அவர் எலுமிச்சம்பழம் கொடுத்தார், நீங்க மாத்திரை கொடுக்குறீங்க, ரெண்டையும் சேத்துக் கொடுக்கலாமா டாக்டர்?" என்று ஓர் அம்மா கேட்கலாம், அந்தக் கேள்வியில் அன்பும் இருக்கிறது. சங்கிலியைப் பொருளாகக் கொண்டுவந்து சிரிப்பு மூட்டாதீர்கள். 2001 ஆகஸ்ட் 6-ஆம் தேதி தமிழ்நாட்டின் ஏர்வாடியில், சங்கிலியால் கட்டப்பட்டிருந்த மனநோயாளிகள் 28 பேர் தீயில் இறந்தார்கள்.

படி 4: நடு முடிச்சு

சின்னச் சின்னச் சிரிப்புகள் இருபது எழுதிவிடலாம். படத்தைத் தாங்க ஒன்று வேண்டும். இதற்கு மட்டும் நேரம் எடுத்துக்கொள்ளுங்கள். மற்றப் படிகளில் மிச்சம் பிடிக்கலாம். எப்படித் தேடுவது என்பதற்கு ஓர் எடுத்துக்காட்டைக் கடைசிவரை பார்ப்போம்.

நம் சமூகத்துக்கே உரிய உண்மை ஒன்றை எடுங்கள். இன்று புத்ராஜெயா இருக்கும் இடத்தில் முன்பு பிராங் பெசார் தோட்டம் இருந்தது. முதல் உலகப் போரிலிருந்து திரும்பிய பிரிட்டிஷ் வீரர்கள் தொடங்கிய ரப்பர் தோட்டம். தமிழ்க் குடும்பங்கள் தலைமுறையாக அங்கே பால் வெட்டின. பிறகு புது நிர்வாகத் தலைநகர் வந்தது. குடும்பங்கள் டெங்கிலுக்கு மாற்றப்பட்டன. 1999-இல் பிரதமர் அலுவலகம் புத்ராஜெயாவுக்குப் போனது. இப்போது, பல ஆண்டுகளாக வார்டில் இருக்கும் ஒரு பெரியவரிடம் புது ஹவுஸ்மென் வழக்கமான கேள்விகளைக் கேட்கிறார்.

"அங்கிள், வீடு எங்க?"

"பிரதமர் ஆபிஸ் இருக்குல்ல டாக்டர், அங்கதான்."

"அதுக்குப் பக்கத்துலயா?"

"பக்கத்துல என்ன, அந்த எடமே எங்க எடந்தான். வாசல்ல ரெண்டு பலா மரம் நிக்கும்."

"இப்ப அங்க யார் இருக்காங்க?"

"கவர்மெண்டு. எங்களையெல்லாம் லாரில ஏத்தி வெளிய அனுப்பிட்டாங்க."

ஹவுஸ்மென் எழுதுகிறார்: தன்னைப் பெரிய ஆளாக எண்ணும் மாயை. ஒரு கமா. அரசு தன்னைத் துரத்துவதாகவும் எண்ணம். மருந்தின் அளவு கூடுகிறது.

யாரும் பொய் சொல்லவில்லை, யாரும் கெட்டவர் இல்லை, ஒரு மனிதனின் வரலாறு நோய்க்குறியாக மாறிவிட்டது. கறுப்பு நகைச்சுவை என்று நான் நினைப்பது இதைத்தான். இனி இதை இழுத்துக்கொண்டே போகலாம். கல்யாண வீடியோக்காரர்களில் ஒருவனின் மாமியார் டெங்கில்காரர். காட்சியைப் பார்த்ததும், "இது நம்ம தண்டல் வீட்டு மனுஷன் மாதிரி இருக்கே" என்கிறார். உண்மை வெளிவந்துவிட்டது. ஆனால் கோப்பில் ஏறியதை இறக்க ஃபாரம் இல்லை. பெரியவர் தேறிவிட்டார், டிஸ்சார்ஜ் செய்யலாம் என்று மருத்துவரே சொல்கிறார். டிஸ்சார்ஜ் தாளில் முகவரி நிரப்ப வேண்டும். அவர் சொல்லும் முகவரியை எழுதினால் மாயை நீடிக்கிறது என்று பொருள், தேறவில்லை. எழுதாவிட்டால் முகவரி இல்லாதவரை வெளியே அனுப்ப முடியாது. இயக்குநர் நேர்காணலில் மிகவும் கனிவாகச் சொல்கிறார்: "எங்களுக்கு அவரை அனுப்ப ஆசைதான். ஆடிட்ல கேட்பாங்களே."

உங்கள் முடிச்சு வேறாக இருக்கலாம். இந்தச் சோதனையை மட்டும் வையுங்கள்: நோயாளி சொல்வது முழு உண்மை, கேட்பவர் விதிப்படியே நடக்கிறார், முடிவு அநியாயம். மூன்றும் ஒரே காட்சியில் சேர்ந்தால் முடிச்சு விழுந்துவிட்டது.

படி 5: எழுத்து

முழு வசனப் பிரதி வேண்டாம். பத்துப் பன்னிரண்டு பக்கக் காட்சிச் சுருக்கம் எழுதி, ஒவ்வொரு காட்சிக்கும் யாருக்கு என்ன வேண்டும், எந்தத் தகவல் கட்டாயம் வெளிவர வேண்டும் என்று மட்டும் குறியுங்கள். நடிகர்கள் தம் வாயால் பேசட்டும். மலேசியத் தமிழ் தானாக வர வேண்டும். எழுதிக்கொடுத்தால் வானொலி நாடகம்போல் ஆகிவிடும்.

நேர்காணலும் காட்சியும் ஒன்றையொன்று மறுக்க வேண்டும். இயக்குநர், "எங்கள் வாடிக்கையாளர் திருப்தி நூறு விழுக்காடு" என்கிறார். அடுத்த காட்சியில் சிரித்த முகம், அழுத முகம் பொத்தான்கள் உள்ள அந்தக் கருத்துப் பெட்டி பூட்டிய கதவுக்கு வெளியே இருக்கிறது. நோயாளி யாரும் அதை எட்ட முடியாது. ஜகா ஒவ்வொரு மணி நேரமும் சுற்றிவரும்போது பச்சைப் பொத்தானை ஒரு தட்டு தட்டிவிட்டுப் போகிறார். யாரும் எதையும் விளக்க வேண்டாம்.

நோயாளியின் நினைவுத் தெளிவைச் சோதிக்க, பிரதமர் யார் என்று கேட்பது பழைய வழக்கம். 2018 மே, 2020 மார்ச், 2021 ஆகஸ்ட், 2022 நவம்பர் என்று நான்கு முறை புதிதாகப் பதவியேற்றுப் பார்த்த நாடு இது. கதையை அந்த ஆண்டுகளில் வைத்தால் நோயாளி, "இப்ப மணி எத்தனை டாக்டர்?" என்று கேட்டாலே போதும்.

மொழிபெயர்ப்பை ஒரே ஒரு காட்சியில் பயன்படுத்துங்கள். தமிழ் தெரியாத மருத்துவர், மலாய் வராத பாட்டி, நடுவில் ஜகா. பாட்டி மருமகளில் தொடங்கி மூட்டுவலிவரை நீளமாகச் சொல்கிறார். ஜகா, "டியா காத்தா ஓகே, டாக்டர்" என்கிறார், அதாவது 'அவங்க ஓகேன்னு சொல்றாங்க'. இரண்டாவது முறை வைத்தால் சலிக்கும்.

படி 6: இடமும் அனுமதியும்

வார்டை நீங்களே கட்ட வேண்டும். தனியார் தாதியர் கல்லூரிகளில் பயிற்சிக்கென்று கட்டில், திரை, சலைன் கம்பி எல்லாம் வைத்த மாதிரி வார்டு இருக்கும். விடுமுறை நாளில் வாடகைக்குக் கேட்டுப் பாருங்கள். கிடைக்காவிட்டால் மூடிக்கிடக்கும் கடைவீட்டு மாடி போதும். மருத்துவக் கட்டில்களை வீட்டு நோயாளிகளுக்கு வாடகைக்கு விடும் கடைகள் கோலாலம்பூரிலும் பினாங்கிலும் உண்டு. நான்கு கட்டில், ஜன்னல் கம்பி, வெண்பலகை, வாடிக்கையாளர் சாசனம், கைகழுவும் ஏழு நிலைகளின் படம், ஓடும் ஆனால் நேரம் தப்பிய கடிகாரம். சுவரில் ஒட்டியிருப்பதெல்லாம் மலாயில் இருக்கட்டும். சீருடை நிறத்தையும் தோள்பட்டியையும் ஒரு மிஸியிடம் காட்டிச் சரிபாருங்கள். நுணுக்கம் தப்பினால் அவர்கள் மன்னிக்க மாட்டார்கள்.

வணிக நோக்கில் எடுத்தால் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகமான ஃபினாஸ் வழி தயாரிப்பு உரிமமும், எஸ்.பி.பி. என்ற படப்பிடிப்புச் சான்றிதழும் பார்க்க வேண்டியிருக்கும். உரிமம் உள்ள சிறு நிறுவனத்தோடு சேர்ந்து எடுப்பது எளிய வழி. சாலையில் எடுக்கக் கோலாலம்பூரில் மாநகர் மன்றம், பினாங்குத் தீவிலும் செபராங் பிறையிலும் அந்தந்த மாநகர் மன்றம். திரையரங்குக்குப் போவதென்றால் 2002-ஆம் ஆண்டுத் திரைப்படத் தணிக்கைச் சட்டத்தின்படி தணிக்கை வாரியம். சீருடை அணிந்த நடிகர்கள் மதிய உணவுக்கு அப்படியே மாமாக் கடைக்குப் போகாமல் பார்த்துக்கொள்ளுங்கள். யாராவது இரத்த அழுத்தம் பார்க்கச் சொல்வார்கள்.

படி 7: படப்பிடிப்பு

நம் நாட்டு மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். குழல்விளக்குக்குக் கீழே நொடிக்கு 25 சட்டகம், ஷட்டர் ஐம்பதில் ஒன்று என்று வைத்தால் படம் துடிக்காது. இரண்டு கேமரா போதும். ஜூம் எப்போதும் கொஞ்சம் தாமதமாகப் போக வேண்டும். நடக்கப்போவதை முன்பே அறிந்த கேமரா ஆவணப்படக் கேமரா ஆகாது.

சத்தத்துக்குத்தான் அதிகம் செலவு செய்யுங்கள். எல்லாருக்கும் சட்டையில் மைக். தகரக் கூரையில் மழை விழுந்தால் எடுப்பதை நிறுத்த வேண்டாம். வார்டில் மழைச் சத்தம் நன்றாகவே இருக்கும், தொடர்ச்சி மட்டும் பாருங்கள். ஒவ்வோர் அறையிலும் யாரும் பேசாமல் அரை நிமிடம் வெற்று ஒலி பதிவு செய்யுங்கள். தொகுப்பில் மௌனம் தேவைப்படும் இடங்கள் நிறைய வரும்.

இரண்டு விதிகளை எழுதிச் சுவரில் ஒட்டுங்கள். ஒன்று, பணியாளர்கள் நேர்காணலில் கேமராவுக்குச் சற்றுப் பக்கத்தில் பார்த்துப் பேசுவார்கள். நோயாளிகள் நேராகக் கேமராவைப் பார்ப்பார்கள். பார்வையாளருக்குக் காரணம் தெரியாது, ஆனால் யாரை நம்புவது என்று கண் முடிவு செய்துவிடும். இரண்டு, உண்மைக் குழு நுழைய முடியாத இடத்துக்கு உங்கள் கேமராவும் நுழையாது. மருத்துவரும் குடும்பமும் பேசும் அறைக்கதவு மூடப்படுகிறது; கண்ணாடி வழியே வாயசைவு மட்டும் தெரிகிறது. ஆனால் சிஸ்டர் மைக்கைக் கழற்ற மறந்துவிட்டார். "இந்த மாசமும் மகன் வரமாட்டானாம்" என்று குரல் மட்டும் கேட்கிறது. கேமரா பக்கத்தில், ஒன்றும் அறியாமல் டாம் ஆடும் தகப்பன்.

நடிகர்களுக்கு ஒரே கட்டளை: நோயை நடிக்காதே, ஆசையை நடி. கண்ணை உருட்டுபவரை அன்போடு கல்யாண வீடியோக் குழுப் பாத்திரத்துக்கு மாற்றிவிடுங்கள்.

படி 8: இருட்டு எவ்வளவு?

மரணம் வரலாம், கைவிடப்படுதல் கட்டாயம் வரும். தற்கொலை முயற்சி கதையில் வந்தால் முறையைக் காட்டாதீர்கள், சொல்லவும் சொல்லாதீர்கள். அதன்மேல் நேரடிச் சிரிப்பும் வேண்டாம். அதைச் சுற்றிய அமைப்பின்மேல் வைக்கலாம். தண்டனைச் சட்டத்தின் 309-ஆவது பிரிவு நீக்கப்பட்ட 2023 வரை, உயிர்பிழைத்தவர் மலேசியச் சட்டத்தில் குற்றவாளி. கதை அதற்கு முந்திய காலம் என்றால், கட்டிலருகே பூங்கொத்தோடு உறவினரும் குறிப்பேட்டோடு போலீசும் ஒரே நேரத்தில் நிற்பது கற்பனை ஆகாது. படத்தின் இறுதி அட்டையில் உதவி எண்கள் வரட்டும்: சுகாதார அமைச்சின் ஹீல் 15555, பிஃபிரெண்டர்ஸ் கோலாலம்பூர் 03-7627 2929.

படி 9: தொகுப்பு

டொய்ங் என்று குதிக்கும் சத்தம், வயலின் அழுகை, பின்னணிச் சிரிப்பு எதுவும் வேண்டாம். ஒரே விலக்கு, கல்யாணக் குழு தானே சேர்த்த இசை. ஐ.எஸ்.ஓ. அதிகாரி பூட்டைச் சோதிக்கும்போது நாதஸ்வரமும் கெட்டிமேளமும் வரலாம். அதுவும் ஒருமுறைதான். பூ இதழ் விழும் சட்டகத்தில் நோயாளியின் பெயர், பதிவு எண், சேர்ந்த தேதி என்று அட்டை போடலாம்.

நகைச்சுவை முடிந்ததும் வெட்டிவிடாதீர்கள். இரண்டு நொடி முகத்தில் நில்லுங்கள். ஹவுஸ்மென் எழுதி முடித்துப் பேனாவை மூடும் வரை அங்கிள் அவரைப் பார்த்துக்கொண்டே இருக்கட்டும். நீளம் இருபத்தைந்து நிமிடத்தைத் தாண்டினால் முதலில் இயக்குநரின் நேர்காணல்களைக் குறையுங்கள். அவர்தான் ஆகச் சிரிப்பானவர் என்று உங்களுக்குத் தோன்றும், அதனால் அளவுக்கு மேல் வைத்திருப்பீர்கள். மலாய், ஆங்கில வசன வரிகளைக் கணினியிடம் விட்டுவிடாதீர்கள். மூன்று மொழியும் பேசும் ஒருவர் உட்கார்ந்து பார்க்கட்டும்.

படி 10: முதல் காட்சி யாருக்கு?

நண்பர்களுக்குப் போடாதீர்கள், அவர்கள் உங்களுக்காகச் சிரிப்பார்கள். ஆலோசகராக இருந்தவர், நோயாளியின் குடும்பத்தினர் இரண்டு மூன்று பேர், வேலையில் இருக்கும் அல்லது ஓய்வுபெற்ற மிஸிகள் ஆகியோருக்குப் போடுங்கள். யார் எங்கே சிரிக்கிறார்கள், எங்கே நிறுத்துகிறார்கள் என்று குறியுங்கள். மிஸிகள் சிரித்துக் குடும்பத்தினர் சிரிக்காத காட்சியை மறுபடியும் தொகுக்க வேண்டும். குடும்பத்தினர் சிரித்து மிஸிகள் மௌனமாகும் காட்சியை அப்படியே விடலாம். ஆலோசகர் வேண்டாம் என்றால் விவாதம் இல்லை, வெட்டுதான். அதன்பிறகு போட்டிகளுக்கு அனுப்புவதோ, ஜார்ஜ்டவுன் ஹின் பஸ் டிப்போ கலைவெளி போன்ற இடத்தில் திரையிடக் கேட்பதோ உங்கள் விருப்பம்.

காலை ஷிப்ட் பொதுவாகப் பிற்பகல் இரண்டு மணிக்கு முடியும். மிஸிகளுக்கான காட்சியை மூன்றரைக்கு வையுங்கள். தே தாரிக்கும் ஏதாவது பலகாரமும் தயாராக இருக்கட்டும். படம் முடிந்ததும் சீருடையில் உள்ள தப்புகளைத்தான் முதலில் சொல்வார்கள். அதைக் குறித்துக்கொண்டு உட்கார்ந்திருங்கள், மற்றது பிறகு வரும்.